காலை ஒன்பது முதல் மாலை ஐந்து வரை

“இதை லேமினேட் பண்ணது யாரு?” என்று வக்கீலம்மா கேட்டார்.

மருந்துக்கடைக்கு மேலே இருந்த அந்த அறையில் மூன்று நாற்காலிகள். ஒன்றில் வக்கீலம்மா, ஒன்றில் மகள், ஒன்றில் கயிறு கட்டிய வழக்குக் கட்டுகள். அம்மா நின்றுகொண்டிருந்தாள். பேக்கரியிலிருந்து நேரே வந்தவள். கழுவித் துடைத்த பிறகும் முழங்கை மடிப்பில் மாவு காய்ந்து வெள்ளைக் கோடாக இருந்தது.

“நான்தாங்க. கசங்கிடக் கூடாதேன்னு.”

“கசங்கியிருந்தா நல்லா இருந்திருக்கும். காணாமப் போயிருந்தா இன்னும் நல்லா இருந்திருக்கும்.”

இது திட்டா வேடிக்கையா என்று அம்மாவுக்குப் பிடிபடவில்லை. எதற்கும் இருக்கட்டும் என்று சிரித்துவைத்தாள்.

மேலே ரொட்டிப் படம் போட்ட தாள். கீழே முதலாளியின் கையெழுத்து, நீல முத்திரை. நடுவே நாலே வரி. மேற்படி நபர் எமது நிறுவனத்தின் பாக்கெட் பிரிவில் இரண்டு ஆண்டுகள், காலை ஒன்பது மணி முதல் மாலை ஐந்து மணி வரை, முழுநேர ஊழியராகப் பணிபுரிந்துள்ளார். அவரது நடத்தை நன்று.

வக்கீலம்மா அதை மேசையில் வைத்து விரலால் தட்டினார். “முனைவர் படிப்புக்கு அவங்க என்ன தகுதி கேக்குறாங்க? முதுநிலைப் பட்டம் ரெகுலரா, முழுநேரமா, வகுப்புக்குப் போய்ப் படிச்சதா இருக்கணும். நீ அப்படித்தான் படிச்சிருக்கே. வருகை எண்பத்தொன்பது சதவீதம். நுழைவுத் தேர்வுல மூணாவது இடம். எல்லாம் சுத்தம். அப்புறம் நீயே ஒரு காகிதத்தைக் கொண்டுபோய் நீட்டி, ‘அந்த ரெண்டு வருசமும் நான் காலேஜ்ல இல்லீங்க, ரொட்டிக் கம்பெனில இருந்தேன்’னு சொல்லியிருக்கே. இதை அவங்க கேட்டாங்களா?”

“இல்ல மேடம். இருந்தா இணைக்கலாம்னு போட்டிருந்துச்சு.”

“இதுக்கு மார்க் உண்டா?”

“இல்ல.”

“அப்ப எதுக்கும்மா வெச்சே?”

மகள் தரையைப் பார்த்தாள். அம்மாதான் பதில் சொன்னாள்.

“ஒரு கட்டம் காலியா இருந்துச்சுங்க.”

படித்த வீட்டுப் பிள்ளைகளுக்கு இது புரியாது. அவர்கள் விண்ணப்பத்தில் தேவையில்லாத கட்டங்களைத் தாண்டிப்போகக் கற்றவர்கள். இந்த வீட்டில் அப்படி இல்லை. மகள் ஆறாம் வகுப்பில் சேரும்போது ஒரே ஒரு கட்டத்தை நிரப்பவில்லை என்று படிவம் திரும்பி வந்தது. மறுபடி வரிசை, மறுபடி அப்பாவுக்கு ஒருநாள் தூக்கம் போனது. ஜன்னலுக்குப் பின்னால் இருந்தவர் அம்மாவைப் பார்த்து, “காலியா விட்டா நாங்க என்னன்னு எடுத்துக்கிறது?” என்று கேட்டார். அன்றிலிருந்து அந்த வீட்டில் ஒரு கட்டமும் காலியாகப் போனதில்லை. தொலைபேசி எண் கேட்டால் பேக்கரி எண். தந்தையின் தொழில் முகவரி கேட்டால் ரொட்டி பாக்கெட்டைப் பார்த்து எழுத்துக்கூட்டி எழுதினார்கள். விளையாட்டில் பெற்ற பரிசு கேட்டால், நாலாம் வகுப்பில் கிடைத்த சோப்பு டப்பா.

அப்படித்தான் ‘பணி அனுபவம்’ என்ற கட்டமும். அப்பா முதலாளியிடம் போய் நின்றார். கணக்குப்பிள்ளை அடித்துக் கொடுத்தார். மகள் படித்துப் பார்க்காமல் இல்லை. படித்தாள். ஒன்பது முதல் ஐந்து என்று இருக்கிறதே என்று கேட்கவும் செய்தாள். “எல்லாருக்கும் இதே அச்சுதான்மா, பேரை மட்டும் மாத்துவோம்” என்றார் கணக்குப்பிள்ளை. மறுநாள் அம்மா அதைக் கண்ணாடிபோல ஒட்டிக்கொண்டு வந்துவிட்டாள். அவள் முகத்தைப் பார்த்துவிட்டு வேண்டாம் என்று சொல்ல மகளுக்கு வாய் வரவில்லை. இரண்டு பட்டம் வாங்கியவள் நாலு வரிப் பொய்யைப் பார்த்தும் பேசாமல் இருந்தாள். அந்தக் கோபம் அவளுக்கு வேறு யார்மேலும் இருந்ததைவிடத் தன்மேல்தான் அதிகம்.

முனைவர் படிப்பில் சேர்ந்த ஒன்பதாவது மாதம், சான்றிதழ் சரிபார்ப்பில் யாரோ ஒரு எழுத்தர் வருகைச் சான்றையும் இந்தக் கடிதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்திருக்கிறார். தகுதியின்மை காரணமாகச் சேர்க்கை ரத்து என்று இரண்டு வரிக் கடிதம் வந்தது.

“நீ நிஜமா வேலை பார்த்த நேரம் என்ன?” என்று வக்கீலம்மா கேட்டார்.

“காலைல நாலுல இருந்து எட்டு.”

“தெனமுமா?”

“பரீட்சை அன்னைக்கு மட்டும் ஏழு வரைக்கும்.”

வக்கீலம்மா முதன்முறையாக அவளை நிமிர்ந்து பார்த்தார். “சரி. இப்போதைக்கு அந்த ரத்துக்கு இடைக்காலத் தடை வாங்கித் தர்றேன். நீ பாட்டுக்கு ஆய்வகத்துக்குப் போ. ஆனா கடைசி விசாரணைல ஒண்ணு கேப்பாங்க. இந்தக் கடிதம் உண்மைன்னா உனக்குத் தகுதி இல்ல. பொய்னா, பொய்க் கடிதம் குடுத்த குத்தத்துக்கே உன்னை வெளிய அனுப்பலாம். நடுவுல ஒரு சந்துதான் இருக்கு. எழுதுனவரே வந்து, ‘நேரம் தப்பாப் போட்டுட்டேன், அந்தப் பொண்ணு வந்தது நாலு மணிக்கு’ன்னு சத்தியம் பண்ணி எழுதித் தரணும்.”

“குடுத்துருவாருங்க,” என்றாள் அம்மா. “நல்ல மனுசன். நடத்தை நன்றுன்னு அவராத்தான் போட்டாரு.”

*

தடை கிடைத்தது. மகள் ஆய்வகத்துக்குப் போனாள். அவள் எடுத்த பொருளே பேக்கரிதான். அப்பா மாவு பிசையும் பழைய மரத்தொட்டி இருக்கிறதே, அதன் விரிசல்களில் என்னென்ன ஈஸ்ட் குடியிருக்கிறது, ஏன் அந்தத் தொட்டி மாவு மட்டும் தனி மணமாகப் புளிக்கிறது என்பதுதான் ஆய்வு. பஞ்சு சுற்றிய குச்சியால் விரிசல் விரிசலாக வழித்துப் பதினோரு வகை பிரித்து வைத்திருந்தாள். வாரம் ஒருமுறை புதுத் தட்டுக்கு மாற்றாவிட்டால் செத்துவிடும். “உன் மாட்டுக்கெல்லாம் தீனி வெச்சாச்சா?” என்று அப்பா தினமும் கேட்பார்.

அப்பாவை ஊரில் அடுப்புக்காரர் என்றே சொல்வார்கள். இருபத்திரண்டு வருஷமாக அதே அடுப்பு. இரவு ஒரு மணிக்குப் போய் நெருப்பைத் தயார் செய்வார். மூன்று மணிக்கு முதல் தட்டு உள்ளே போகும். நாலு மணிக்குப் பின்கதவைத் திறந்துவிட்டால் பெண்கள் உள்ளே வருவார்கள். ஆறிய ரொட்டியை மெஷினில் வெட்டி, பாக்கெட்டில் போட்டு, வாயைக் கட்டி அடுக்க வேண்டும். ஆறரைக்கு வண்டி. ரொட்டியின் இரண்டு முனையும் விற்பனைக்கு ஆகாது. அந்த ஓரத்துண்டுகளைப் பெண்கள் வீட்டுக்கு எடுத்துப்போகலாம். அந்த வீட்டில் காலைச் சாப்பாடு, பத்து வருஷமாக, டீயில் முக்கிய ஓரத்துண்டு. முதுநிலை படித்த இரண்டு வருஷமும் மகள் எட்டு மணிக்குத் தொப்பியைக் கழற்றி, குழாயில் முகம் கழுவி, பஸ்ஸில் நின்றபடியே அதைத் தின்றுவிட்டு ஒன்பதுக்கு வகுப்பில் இருப்பாள். தலையில் ஒட்டிய மாவைப் பார்த்துக் கூடப் படித்தவர்கள் பொடுகு என்றார்கள்.

முதலாளியிடம் கேட்க வேண்டும், கேட்க வேண்டும் என்றே எட்டு மாதம் போனது. விசாரணைத் தேதி வந்ததும்தான் அப்பாவுக்குக் கால் நகர்ந்தது. செவ்வாய்க்கிழமை அடுப்பு அணைந்திருக்கும். அப்பா தலையும் தோளும் அடுப்புக்குள் இருக்க, கரி சுரண்டிக்கொண்டிருந்தார். முதலாளி வந்து தட்டு அடுக்கின்மேல் உட்கார்ந்தார்.

“என்னமோ கேக்கணும்னியாமே.”

அப்பா வெளியே வந்து நின்றார். இமையெல்லாம் கரி. “பாப்பாவோட லெட்டருங்க மொதலாளி.”

“அதான் குடுத்தேனே. கணக்குப்பிள்ளை பாதிநேரம்னு போடட்டுமான்னாரு. பாதிநேரம்னா யாரு மதிப்பா, முழுநேரம்னே போடுய்யான்னு நான்தான் சொன்னேன்.”

“ஆமாங்க. அந்த நேரத்தை மட்டும் கொஞ்சம் மாத்தி…”

“எந்த நேரம்?”

“அவ வந்த நேரம்.”

“எப்ப வந்தா?”

அப்பா கையிலிருந்த சுரண்டியை அடுப்பு விளிம்பில் வைத்தார். “நாலு மணிக்குங்க. நான்தானே கதவு தொறந்துவிட்டேன்.”

“யாரைக் கேட்டுத் தொறந்தே?”

முதலாளி கோபமாகக் கேட்கவில்லை. பேசும்போது பாக்கெட் வாயில் கட்டும் கம்பியை விரலில் சுற்றிக்கொண்டிருந்தார். “இங்க பாருப்பா. ஆறு மணிக்கு முன்னாடி பொம்பளைங்களை வேலைக்கு வெக்கக் கூடாதுன்னு சட்டம். அதிகாரி வந்தா ஒம்பதுல இருந்து அஞ்சுன்னுதான் பதிவேட்டைக் காட்டுறேன். பதினாலு பேரு வேலை பாக்குறாங்க. உம் பொண்ணுக்கு நாலு மணின்னு நான் எழுதிக் குடுத்தா, பதினாலு பேருக்கும் எழுதிக் குடுத்த மாதிரி. ஒரு பொண்ணு மேல படிக்க, பதினாலு வீட்டுல உலையை இறக்கச் சொல்றியா?”

“இல்லீங்க.”

“நான் அவளுக்குக் கெடுதல் நினைப்பேனா?”

“இல்லீங்க.”

“அப்புறம் என்ன. கடவுள் வேற வழி விடுவாரு.” போகும்போது கடையிலிருந்து ஒரு கேக் பெட்டியை எடுத்துக் கொடுத்தார். “பாப்பாவுக்குக் குடு.”

*

வீடு ஒரே அறை. கட்டிலில் கேக் பெட்டி, பிரிக்காமல். மூன்று பேரும் அதைச் சுற்றி, இழவு வீட்டில் உட்கார்ந்த மாதிரி இருந்தார்கள்.

“வாங்கிட்டு வேற வந்துட்டீங்க,” என்றாள் அம்மா.

“கையில வெச்சாரு.”

“கையில வெச்சா? கன்னத்துல வெச்சிருந்தாலும் வாங்கிட்டுத்தான் வந்திருப்பீங்க.” பெட்டியைத் திறந்து மூன்றாக வெட்டினாள். “கேக் என்ன பாவம் பண்ணுச்சு. தின்னுங்க.”

யாரும் எடுக்கவில்லை. அவளே எடுத்தாள்.

“உங்கூட வேலை செய்யறவங்கள்ல ரெண்டு பேரு சொன்னாப் போதும்மா,” என்றாள் மகள். “‘நாலு மணிக்கு எங்களோடதான் வந்தா’ன்னு.”

“கேட்டேன்டி. வெட்டுமெஷின் அக்காகிட்டதான் மொதல்ல கேட்டேன். ‘உம் பொண்ணு டாக்டர் ஆனா எனக்கு முட்டிவலிக்கு மாத்திரை எழுதுவாளா’ன்னா. அந்த டாக்டர் இல்லக்கா, இது ஈஸ்ட்டுக்குன்னேன். ‘அப்ப ஈஸ்ட்டையே போய்ச் சாட்சி சொல்லச் சொல்லு’ன்னுட்டா.” அம்மா விரலை நக்கினாள். “அவளைச் சொல்லி என்ன. அவ இடத்துல நான் இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பேன்.”

“அப்ப நீ சொல்லேன்.”

“நானா? நான் அந்தப் பதினாலுல ஒருத்திடி. ரெண்டு பேருக்கும் வேலை போச்சுன்னா அடுத்த நாள் ஓரத்துண்டுகூட வராது.”

அப்பா அதுவரை தன் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். மணிக்கட்டிலிருந்து முழங்கைவரை ஏணிப்படிபோல அடுப்பு விளிம்பு சுட்ட தழும்புகள். “கதவு தொறந்தது நான்தானே,” என்றார். “எனக்குத் தெரிஞ்சதை நான் சொல்றேன்.”

“ஏங்க, புத்தி கித்தி இருக்கா? அவரு என்ன கேட்டாரு, யாரைக் கேட்டுத் தொறந்தேன்னு கேட்டாரில்ல? அதுக்கு அர்த்தம் தெரியுமா, தெரியாதா?”

“தெரியும்.”

“வேணாம்ப்பா,” என்றாள் மகள். “நான் வேற வேலை தேடிக்கிறேன்.”

“அந்தப் பதினோரு மாட்டுக்கு யாரு தீனி வெப்பா?”

மகள் எழுந்து வாசலுக்குப் போய்விட்டாள். அப்பா ஒரு துண்டு கேக்கை எடுத்து முகர்ந்து பார்த்தார். “முட்டையைக் குறைச்சுட்டாங்க,” என்று பெட்டியில் திரும்ப வைத்தார்.

மறுநாள் வக்கீலம்மா எழுதிக் கொடுத்த வாக்குமூலத்தை மகள் வாசித்துக் காட்ட, அப்பா ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போட்டார். அவருக்குத் தெரிந்த ஒரே எழுத்து அந்தக் கையெழுத்துதான். ஆறு பக்கத்திலும் ஒரே மாதிரி இருக்க வேண்டுமே என்று மெதுவாகப் போட்டார்.

*

நீதிமன்றத்தில் மூன்று நாள் காத்திருந்தார்கள். மூன்றாம் நாள் மதியம் வழக்கு கூப்பிடப்பட்டது. பேச்சு ஒன்பது நிமிஷம். ரொட்டி ஒருதட்டு வேகக்கூட அந்த நேரம் போதாது.

பல்கலைக்கழகத்தின் வக்கீல் நல்ல குரல் உள்ளவர். அவர் பொய் எதுவும் சொல்லவில்லை. அதுதான் வயிற்றெரிச்சல். மனுதாரர் தாமாகக் கொடுத்த ஆவணம் இது. இதில் கையெழுத்திட்டவர் இதை இன்றுவரை மறுக்கவில்லை. மறுப்பது யார்? மனுதாரரின் தகப்பனார். தகப்பன் மகளுக்காகச் சொல்லாமல் யாருக்காகச் சொல்வார்?

“வேலை கொடுத்தவர் ஏன் வரவில்லை?” என்று நீதிபதி கேட்டார்.

வக்கீலம்மா எழுந்தார். “அவர் வந்தால் சட்டவிரோத நேரத்தில் பெண்களை வேலைக்கு வைத்ததை ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கும்.”

“அது இந்த மன்றத்தின் முன் உள்ள பிரச்சினை அல்ல.”

அப்பா கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தார். தன்னைக் கூப்பிட்டுக் கேட்பார்கள் என்று நினைத்துக் காலையிலிருந்தே தயாராக வந்திருந்தார். எந்தக் கதவு, எந்தப் பூட்டு, மழை நாளில் மகள் எந்தச் சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு வருவாள், எல்லாம் நினைவில் அடுக்கி வைத்திருந்தார். யாரும் கேட்கவில்லை. முழுக்கைச் சட்டைக்குள் தழும்புகள் மூடியிருந்தன.

இரண்டு வாரம் கழித்துத் தீர்ப்பு வந்தது. மகள் கட்டிலில் உட்கார்ந்து இருவருக்கும் வாசித்துச் சொன்னாள். கடிதம் உண்மையா பொய்யா என்று மன்றம் ஆராயத் தேவையில்லையாம். எப்படி இருந்தாலும் தகுதி கேள்விக்குரியதாம். இடைக்கால உத்தரவின்பேரில் படித்த காலம் எந்த உரிமையையும் தராதாம்.

“‘மனுதாரரின் நிலை அனுதாபத்துக்குரியது. எனினும் அனுதாபம் தகுதிக்கு ஈடாகாது.’”

“அனுதாபம்னா?” என்றாள் அம்மா.

“பாவம்னு நினைச்சாங்களாம்.”

“நினைச்சுக்கிட்டேவா அடிச்சாங்க?”

*

அடையாள அட்டையை ஒப்படைக்க மகள் பல்கலைக்கழகத்துக்குப் போனாள். ஆய்வகத்தில் அவளுடைய பேராசிரியை கண்ணைத் துடைத்துக்கொண்டார். “நான் என்ன பண்ண முடியும் சொல்லு” என்று நாலு தடவை கேட்டார். சொல்லியிருந்தால் செய்திருப்பாரா என்று மகள் சோதித்துப் பார்க்கவில்லை. தட்டுகளைக் குளிர்பெட்டியின் கீழ் அடுக்கில் வைத்து, தேதி எழுதிவிட்டு வந்தாள். இன்னும் ஒரு வாரம் தாங்கும். அப்புறம் பூஞ்சை பிடிக்கும், யாராவது கழுவி ஊற்றுவார்கள்.

அலுவலகத்தில் எழுத்தர் ஒரு படிவத்தை நீட்டினார். பெயர், துறை, சேர்ந்த தேதி எழுதினாள். ‘விலகுவதற்கான காரணம்’ என்ற கட்டத்தில் பேனா நின்றது. அப்படியே கொடுத்தாள்.

“ஒரு கட்டம் காலியா இருக்கேம்மா.”

“இருக்கட்டும்.”

“காலியா விட்டா ஏத்துக்க மாட்டாங்க.”

“இருக்கட்டும் சார்.”

எழுத்தர் அவள் முகத்தைப் பார்த்தார். பிறகு தன் பேனாவை எடுத்து, ‘சொந்தக் காரணம்’ என்று தானே எழுதி முத்திரை போட்டுக்கொண்டார்.

பேக்கரியில் முதலாளி யாரையும் துரத்தவில்லை. பதினாலு பெண்களிடமும், நாங்கள் ஒன்பது மணிக்குத்தான் வேலைக்கு வருகிறோம் என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்கினார். நாலரை மணிக்கு, வெட்டுமெஷின் பக்கத்தில் வைத்து வாங்கினார். அம்மாவும் போட்டாள். போட்டுவிட்டு மகளிடம் வந்து சொன்னாள், “உன்னைப் பொய்க்காரின்னு நானும் எழுதிக் குடுத்துட்டேன்டி.” மகள் ஓரத்துண்டை டீயில் முக்கினாள்.

அடுப்புக்காரரை மட்டும் முதலாளி கூப்பிட்டு உட்காரவைத்துப் பேசினார். “போன்னு நான் சொல்லலைப்பா. சட்டத்துக்கு விரோதமா ஆள் வெச்சிருக்கேன்னு கோர்ட்டுல நீயே எழுதிக் குடுத்துட்டே. அப்படிப்பட்ட இடத்துல நீ எப்படி மனசு ஒப்பி வேலை பார்ப்பே?”

பாலத்துக்கு அந்தப் பக்கம் இன்னொரு பேக்கரி இருந்தது. ஆள் வேண்டுமாம். ஆனால் முன்பு இருந்த இடத்திலிருந்து அனுபவக் கடிதம் கேட்டார்கள். அப்பா திரும்பவும் போய் முதலாளியிடம் நின்றார். அவர் மறுக்கவில்லை. கணக்குப்பிள்ளை பத்து நிமிஷத்தில் அடித்துக் கொடுத்தார்.

அதைக் கொண்டுவந்து மகளிடம் நீட்டினார். “என்ன போட்டிருக்குன்னு பாரு பாப்பா.”

மேலே ரொட்டிப் படம். மகள் வாசித்தாள். “மேற்படி நபர் எமது நிறுவனத்தின் அடுப்புப் பிரிவில் இருபத்திரண்டு ஆண்டுகள், காலை ஒன்பது மணி முதல் மாலை ஐந்து மணி வரை, முழுநேர ஊழியராகப் பணிபுரிந்துள்ளார். அவரது நடத்தை நன்று.”



“இருபத்திரண்டு வருசமும் பகல்ல வேலை பார்த்திருக்கேனாம்,” என்றார் அப்பா. அம்மாவின் பக்கம் திரும்பினார். “அப்ப ராத்திரியெல்லாம் எங்க போனேன்னு நீ கேக்கலையா?”

அம்மா சிரிக்கவில்லை. தாளை வாங்கி, விளிம்பில் இருந்த மடிப்பை நகத்தால் நீவினாள். செருப்பை மாட்டிக்கொண்டு படியில் இறங்கினாள்.

“எங்கம்மா போறே?” என்று மகள் கேட்டாள்.

“லேமினேட் கடைக்கு.”